அண்டாவில் ஏறிய பேர்கள்

மணல்கரை முன்சீப் கோர்ட்டில் ஜப்திச் சாமான்கள் போட்டு வைக்கிற அறையில், பூட்டியது பூட்டியபடி இருக்க, ஒரு பித்தளை அண்டாவின் கழுத்தில் புதிதாக ஒரு பேர் வெட்டப்பட்டிருந்த காலையில், அமீனா மாசிலாமணி முதலில் செய்தது மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டதுதான். அடுத்தபடியாக ஜப்திப் பட்டியலை எடுத்து, அந்த அண்டாவுக்கு நேரே 'பாத்திரத்தில் காணும் பெயர்: நல்லபெருமாள்' என்று தானே எழுதியிருந்த வரிக்குக் கீழே, 'மற்றும் பேச்சித்தாய்' என்று எழுதித் தேதி போட்டார். கண்ணில் கண்டதை எழுதுவது அவர் உத்தியோகம். அது எப்படி அங்கே வந்தது என்று கேட்பது மேலே இருக்கிறவர்கள் உத்தியோகம். மறுநாள் காலையில் 'ராவணப் பிள்ளை' என்றொரு பேர் இருந்தது, அதற்கு மறுநாள் 'மரியபுஷ்பம்' என்று இருந்தது, இரண்டையும் அதேபோல எழுதிக்கொண்டார்.

அவர் வடக்கே பாலாற்றங்கரைப் பக்கத்து ஆள். இருபத்தெட்டு வயதில் மணல்கரைக்கு மாற்றலாகி வந்தார், முப்பது வருஷம் அங்கேயே கழிந்துவிட்டது, இன்னும் நான்கு மாதத்தில் ஓய்வு. முப்பது வருஷத்தில் அந்த ஊரில் எல்லார் வீட்டு வாசற்படியும் அவருக்குத் தெரியும், ஒருவர் வீட்டுப் பந்தியும் தெரியாது, ஏனென்றால் அமீனாவைக் கல்யாணத்துக்கு யாரும் அழைப்பதில்லை. அவர் காலடி பட்டால் பின்னாலேயே ஏலத் தமுக்கு வரும் என்று ஒரு பயம். அவருடைய கல்யாணமே கோவில் மண்டபத்தில் நாலு பேரோடு முடிந்த கல்யாணம். கோர்ட்டில் நகல் எழுதிக்கொண்டிருந்து செத்துப்போன ஒருவரின் மகள் செண்பகவல்லியை, சொந்தக்காரர்கள் யாரும் எட்டிப்பார்க்காத ஒரு காலையில் அவர் கட்டிக்கொண்டார். அவளும் போய்ப் பதினோரு வருஷமாகிவிட்டது.

அந்த அண்டாவை ஜப்தி செய்த நாள் அவருக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. நல்லபெருமாள் ஒரு சிநேகிதனுக்காக ஜாமீன் கையெழுத்துப் போட்டவர். சிநேகிதன் ஊரை விட்டே போய்விட்டான், தீர்ப்பு இவர் தலையில் இறங்கியது. ஜப்திக்குப் போனால் முன்கட்டில் நாலு நாற்காலியும் ஒரு சுவர்க்கடிகாரமும் தவிர எடுக்கிற மாதிரி ஒன்றுமில்லை. உடுத்த துணி, சமைக்கிற சட்டி, தாலி, இதையெல்லாம் தொடக்கூடாது. பின்கட்டுக்குப் போனார். அங்கே கல் அடுப்பின் மேல், ஆளே உள்ளே உட்கார்ந்துகொள்ளலாம் போல ஒரு பித்தளை அண்டா இருந்தது, பக்கத்தில் நாற்பது வயதுப் பெண் ஒருத்தி ஈர நெல்லைப் பாயில் பரப்பிக்கொண்டிருந்தாள். நல்லபெருமாளின் தங்கை மகள். புருஷன் இல்லை. முந்தின வருஷத்து மழையில் வீடு இடிந்ததிலிருந்து மாமன் வீட்டுப் பின்கட்டில் குடியிருந்தாள், ஊர்க்காரர்களின் நெல்லை அவித்துக் கொடுத்துப் பிழைத்தாள்.

"இத மட்டும் தொடாதிய ஐயா. இது என்னோடது" என்றாள்.

"உங்க பேரு என்னம்மா?"

"உலகம்மா."

மாசிலாமணி குனிந்து அண்டாவின் கழுத்தைப் பார்த்தார். கரி படிந்த பித்தளையில் உளியால் வெட்டிய எழுத்து இருந்தது. "நல்லபெருமாள்னு இல்ல போட்டிருக்குது?"

"அதத்தான ஐயா நானும் சொல்லுதேன். எங்க மாமா பேரு இருக்குல்லா. பேரப் பாத்தாலே தெரியலையா?"

"தெரியுதும்மா" என்றார் அவர், எழுதிக்கொண்டார்.

அவளே ஒப்புக்கொண்டுவிட்டாள் என்று அவர் நினைத்தார். ஐயாவுக்கு விஷயம் புரிந்துவிட்டது என்று அவள் நினைத்தாள். அதனால்தான் கூலியாட்கள் இரண்டு பேர் வளையத்தில் கழியை நுழைத்து அண்டாவைத் தோளில் ஏற்றுகிற வரைக்கும் அவள் பாயில் நெல்லைப் பரப்பிக்கொண்டே இருந்தாள், ஏற்றிய பிறகுதான் எழுந்தாள். "பேரப் பாத்துட்டும் தூக்குதாவளே" என்று அவள் சுவரைப் பார்த்துச் சொன்னது, தெருவில் போய்க்கொண்டிருந்த மாசிலாமணியின் காதில் விழுந்தது. ஒப்புக்கொண்ட பிறகு இப்படிப் பேசுவது ஜப்தி வீடுகளில் சகஜம் என்று விட்டுவிட்டார்.

ஒரு வாரத்தில் உலகம்மாள் கோர்ட்டுக்கு வந்தாள். அண்டா மாமனுடையதில்லை, தன்னுடையது, அவர் கடனுக்கு அதை ஏலம் விடக்கூடாது என்று உரிமை கோரி மனுப் போட்டாள். அவளுக்காக எழுதிக் கொடுத்த வக்கீல் பட்டணத்திலிருந்து ரயிலில் வந்து போகிறவர். சீதனம் என்று ஒரு வார்த்தை போட்டார், கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் சொல்லு என்று அவளிடம் சொல்லிவைத்தார். எதிர்த்தரப்பு வக்கீல் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்.

"அண்டாவில் வெட்டியிருப்பது யார் பேர்?"

"எங்க மாமா பேரு" என்றாள் அவள் நிமிர்ந்து நின்று.

"உம்ம பேர் எங்கேயாவது இருக்கிறதா?"

"என் பேரு எதுக்கு அதுல இருக்கணும்?"

போதும் என்று அவர் உட்கார்ந்துவிட்டார். அவளும் தன் பக்கம் ஜெயித்துவிட்டது என்ற முகத்தோடு கூண்டை விட்டு இறங்கினாள். ஐப்பசிக் கடைசியில் ஏலம் என்று பேச்சு அடிபட்டது. அவளிடம் நெல் கொடுத்துக்கொண்டிருந்த இரண்டு வீட்டுக்காரர்கள் இந்தத் தடவை மில்லுக்கு அனுப்பிவிட்டார்கள். அண்டா போனால் அவளுக்குக் கையிலிருந்த ஒரே தொழில் போகும், மாமனுக்குப் பாரமாக அந்தப் பின்கட்டில் மூலையில் சோறு வாங்கித் தின்ன வேண்டியதுதான். அவள் இருந்தாள் என்பதே புகையை வைத்துத்தான் அந்தத் தெருவில் தெரியும். இப்போது புகை இல்லை.

அந்த வாரத்தில்தான் பேர்கள் வர ஆரம்பித்தன.

முன்சீப் கோயமுத்தூர்ப் பக்கத்திலிருந்து வந்த இளைஞர், எதையும் காகிதத்தில் பார்த்தால்தான் திருப்தி. அமீனாவின் பட்டியலைப் படித்துவிட்டு அறைக்கு இரண்டாவது பூட்டு போடச் சொன்னார், அந்தச் சாவியைத் தன் வீட்டில் வைத்துக்கொண்டார். 'பிச்சக்கோன்' என்ற பேர் வந்தது. ஒரு போலீஸ்காரரை அண்டாவுக்கு முன்னால் நாற்காலி போட்டு உட்காரவைத்தார். அவர் கண்ணிமைக்காமல் பார்த்துக்கொண்டே இருந்ததாகவும், பார்த்துக்கொண்டிருக்கும்போதே 'காத்தம்மாள்' இருந்ததாகவும், எப்போது இல்லாமல் இருந்தது என்பது தனக்கு ஞாபகம் வரவில்லை என்றும் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். முன்சீப் அதைக் கோப்பில் சேர்த்தார். பிறகு ஒரு நாள் முழுக்க யோசித்து, பாத்திரத்தில் பேர் காணப்படுகிற ஒவ்வொருவரும் அதில் உரிமை கோரக்கூடியவர் ஆகையால், ஒவ்வொருவருக்கும் அல்லது அவர்கள் வாரிசுகளுக்கும் வாய்ப்புத் தரவேண்டும், கோர்ட் வாசலில் மும்முறை அழைக்க வேண்டும் என்று உத்தரவு போட்டார்.

"செத்தவுகளுக்குச் சம்மன் குடுக்க எந்த பஸ்சுல போவணும் அமீனாய்யா?" என்று கேட்டான் டவாலி முத்துவீரன். ஆனால் உத்தரவு உத்தரவுதான். சிவப்புப் பட்டையைத் தோளில் சரிசெய்துகொண்டு அவன் வராந்தாவின் படியில் நின்று, கையை வாயோரம் குவித்து, அதுவரை வந்திருந்த பேர்களை முதலிலிருந்து வரிசையாக அழைத்தான்.

"பேச்சித்தாய்... பேச்சித்தாய்... பேச்சித்தாய்..."

யாரும் வரவில்லை. 'அழைத்தும் ஆஜராகவில்லை' என்று மாசிலாமணி எழுதினார்.

முதல் நாள் கேட்டவர்கள் அன்றைக்கு வழக்குக்கு வந்தவர்கள் மட்டும்தான். இரண்டாம் நாள் பேச்சித்தாயின் மகன் வந்தான். ஐம்பத்தைந்து வயது ஆள், ஆட்டுச்சந்தைத் தரகன். தன் தாய் பேர் கோர்ட் வாசலில் கேட்டது என்று யாரோ சொல்லி ஓடி வந்தவன், தயவு பண்ணி இன்னொரு தடவை கூப்பிடும் என்று முத்துவீரனிடம் கேட்டான். உத்தரவில் மூன்று தடவைதான் என்றான் முத்துவீரன், பிறகு அவன் முகத்தைப் பார்த்துவிட்டு, தொண்டையைக் கனைக்கிற சாக்கில் நாலாவது தடவையும் கூப்பிட்டான். அதற்கப்புறம் ஊர் அதைப் பழகிக்கொண்டது. காலை பத்தரை மணிக்குக் கோர்ட் முன்னால் இருக்கிற வாகை மரத்தடியில் ஆட்கள் வந்து உட்கார்ந்தார்கள், முறுக்கு விற்கிறவள் கூடையோடு வந்தாள், வெளியூரிலிருந்து வண்டி கட்டிக்கொண்டு வந்தார்கள். முப்பது வருஷமாக, நாற்பது வருஷமாக யாரும் வாய் திறந்து சொல்லாத பேர்களை முத்துவீரன் அந்தப் படியில் நின்று கூப்பிட்டான், கூப்பிட்ட பேர் வாகை மரத்தைத் தாண்டி, குளத்தைத் தாண்டி, பனங்காட்டு விளிம்பு வரைக்கும் போய் நின்றது. கூப்பிட்டு முடிந்ததும் எல்லாரும் கொஞ்ச நேரம் ரோட்டையே பார்ப்பார்கள், யாரோ வந்துகொண்டிருப்பதுபோல. அப்புறம் வேட்டியைத் தட்டிக்கொண்டு எழுந்து போவார்கள். ஒரு குடும்பத்துக்கு, வடக்கு வீட்டுக்காரி என்று மட்டுமே ஊர் அறிந்திருந்த தங்கள் பெரியம்மையின் சொந்தப்பேர் மாடத்தி என்று அண்டாவில் பார்த்துப் பழைய பத்திரத்தோடு ஒத்துப்பார்த்துத்தான் தெரிந்தது.

ஒருவர்கூட உரிமை கேட்கவில்லை. மாசிலாமணிக்கு அது விளங்கவில்லை. அண்டாவில் பங்கு கேட்டால் கிடைக்கும் என்று முன்சீப்பே சொல்லியும், வந்தவர்கள் எழுத்தைத் தடவிப் பார்த்தார்கள், கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள், போனார்கள்.

உயிரோடிருக்கிற ஒரே ஒரு ஆளின் பேரும் வந்தது. பஸ் ஸ்டாண்டு டீக்கடை ஆறுமுகநயினார். கருமி என்று பேர் எடுத்தவர். அன்றைக்கு அவர் கடையில் கூட்டம் தாங்கவில்லை.

"உம்ம பேரு எப்படிவே அதுல வந்துச்சு? ஒரு வடை ஓசியாத் தந்தது கிடையாது."

"டீயில சீனிய எண்ணிப் போடுத ஆளு. கோர்ட்டுல தப்பா வெட்டிட்டாவளோ?"

அவர் டீயை ஆற்றிக்கொண்டே இருந்தார். கல்லாவுக்குப் பின்னால் நின்ற அவர் தம்பி மட்டும் முகத்தைத் திருப்பிக்கொண்டதை, ஓரமாக நின்று டீ குடித்துக்கொண்டிருந்த மாசிலாமணி பார்த்தார். யாரும் அவரிடம் எதுவும் பேசவில்லை, அவரும் கேட்கவில்லை.

அந்த நாட்களில் மாசிலாமணி ஒன்பதரைக்குத் திறக்க வேண்டிய அறைக்கு ஏழரைக்கே வந்து நின்றார். முன்சீப் வீட்டுக்குப் போய் இரண்டாவது சாவியை வாங்கிவருவார், அண்டாவின் முன்னால் உட்காருவார், கழுத்திலிருந்து வயிறு வரைக்கும் இறங்கிவிட்ட பேர்களின் மேல் விரலை ஓட்டுவார். எதைத் தேடுகிறோம் என்று அவர் தனக்குத்தானே சொல்லிக்கொள்ளவில்லை. வீட்டில், கட்டிலுக்கடியில் ஒரு தகரப்பெட்டி இருந்தது. கல்யாணமாகி முதல் பொங்கலுக்கு செண்பகவல்லி, அப்பளம் இட்டு விற்றுச் சேர்த்த காசில் ஒரு பித்தளைச் சொம்பு வாங்கி அவர் கையில் கொடுத்தாள். வாய் விளிம்பில், சாய்ந்த எழுத்தில், 'செண்பகவல்லி' என்று வெட்டியிருந்தது. "என்னா, இந்த வீட்லயும் ஜப்தி வரும்னு பயமா? உன் பேர வெட்டி வச்சிருக்கியே" என்று அவர் சிரித்துக்கொண்டு கேட்டார், உள்ளுக்குள் லேசாகக் குத்தியது. "ஆமா, அமீனா பொண்டாட்டி இல்லையா" என்று அவளும் சிரித்தாள். அப்புறம் ஒரு தட்டு, ஒரு டம்ளர், ஒரு கூஜா, வருஷத்துக்கு ஒன்று, எல்லாவற்றிலும் அவள் பேர். அவள் செத்த பதினாறாம் நாள், அவளுடைய உடைமைகளை அவர் புளி போட்டு விளக்கித் தகரப்பெட்டியில் வைத்துப் பூட்டினார். அடுத்தவர் பொருளில் கை வைக்கக்கூடாது என்பது அமீனா உத்தியோகம் கற்றுக்கொடுத்த ஒன்று. அன்றிலிருந்து அவர் அலுமினியக் குவளையில்தான் தண்ணீர் குடித்தார்.

ஐப்பசி இருபதாம் தேதி காலையில், அண்டாவின் கைப்பிடி வளையத்துக்குக் கீழே, நாற்பத்தேழாவது பேராக அது இருந்தது. சாய்ந்த எழுத்து. 'செ'யின் கொம்பு சொம்பில் இருந்தது போலவே கொஞ்சம் நீண்டிருந்தது. அவர் வெகுநேரம் விரலை எடுக்கவில்லை. பிறகு மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, 'மற்றும் செண்பகவல்லி' என்று எழுதினார்.

அன்றைக்குத்தான் உலகம்மாளின் மனுவில் கடைசி விசாரணை. அமீனாவின் அறிக்கையை அவர் வாயாலேயே உறுதிப்படுத்திக்கொண்டு உத்தரவு போட்டுவிடலாம் என்று வைத்திருந்தார்கள். முத்துவீரன் பட்டியலை வாங்கிப் பார்த்தான், மாசிலாமணியைப் பார்த்தான். "கூப்பிடட்டுமாய்யா?" என்றான் தணிந்த குரலில்.

"உத்தரவுப்படி செய்யுப்பா."

"செண்பகவல்லி..." என்று கூப்பிட்டான். மரத்தடியில் பேச்சு நின்றது. "செண்பகவல்லி..." முறுக்குக்காரி கூடையை இறக்கிவைத்தாள். "செண்பகவல்லி..."

"ஆஜர்" என்றார் மாசிலாமணி.

எழுதுகிற இடத்தில் உட்கார்ந்திருந்தவர் எழுந்து நின்றிருந்தார். தான் எழுந்தது அவருக்கே அப்போதுதான் தெரிந்தது. முன்சீப் பேனாவைக் கீழே வைத்தார்.

"உங்க சம்சாரமா?"

"ஆமாங்கய்யா."

"வாரிசுங்கிற முறையில நீங்க உரிமை கேக்கறீங்களா? கேக்கறதுன்னா கேக்கலாம். உங்களுக்கும் சட்டம் ஒண்ணுதான்."

அவருக்குக் கேட்கவேண்டும் போல இருந்தது. அந்த எழுத்துள்ள ஒரு துண்டுப் பித்தளையாவது வேண்டும் போல இருந்தது. வாயைத் திறந்தபோது, சாட்சிக் கூண்டுக்குப் பக்கத்தில் நின்ற உலகம்மாள் அவரைப் பார்த்துக்கொண்டிருப்பதைப் பார்த்தார். அவள் முகத்தில் கோபம் இல்லை, எதற்காக இந்த மனிதர் இப்படித் தவிக்கிறார் என்ற ஒரு பரிதாபம்தான் இருந்தது.

"அம்மா," என்றார், "அன்னிக்கு, பேரப் பாத்தாலே தெரியலையான்னீங்களே. என்ன தெரிஞ்சிருக்கணும் எனக்கு?"

எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்தார். அமீனா என்ன வக்கீலா, அவர் எப்படிக் கேள்வி கேட்கலாம் என்றார். முன்சீப் கையமர்த்தினார்.

"இதென்ன கேள்வி ஐயா?" என்றாள் உலகம்மாள். "குடுத்தவுக பேருதான ஏனத்துல வெட்டுவாவ. என் கல்யாணத்துக்கு எங்க மாமா சீராக் குடுத்த அண்டா, அதான் அவிய பேரு. அவிய பேரு இருந்தா, அவிய குடுத்துட்டாவன்னு அர்த்தம். வச்சிக்கிடுததுக்கு எவனாவது பேரு வெட்டுவானா?"

முன்சீப் மெதுவாகத் தலையைத் திருப்பி, சன்னலுக்கு வெளியே நின்ற கூட்டத்தைப் பார்த்தார். "இந்த ஊர்ல இது வழக்கமா?"

"ஆமாய்யா" என்று முனகினாற்போல நாலைந்து குரல் வந்தது.

"இத்தனை நாள் ஏன் யாரும் சொல்லலை?"

ஆறுமுகநயினார் சன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். "ஒருத்தரும் கேக்கலியேய்யா. கேட்டாத்தான சொல்லுவோம். அமீனாய்யா முப்பது வருசமா இங்கனதான் இருக்காவ, தெரியும்னுல்லா நெனச்சோம்." கொஞ்சம் நிறுத்திவிட்டுச் சொன்னார்: "குடுத்தத எப்படிய்யா கோர்ட்டுல வந்து எனக்கு வேணும்னு கேப்பாவ? அதான் ஒருத்தரும் கேக்கல."

"அப்படியானால் வாங்கியவர் பேருக்கு என்ன அத்தாட்சி?" என்றார் எதிர்த்தரப்பு வக்கீல்.

மாசிலாமணி பட்டியலைக் கையில் எடுத்தார். "நாற்பத்தேழு பேருங்கய்யா. ஒவ்வொண்ணும் என் கையால எழுதினது. இந்த ஊர்ல செத்தவங்க, இருக்கிறவங்க, என் சம்சாரம் வரைக்கும் இருக்காங்க. ஏறினது எல்லாம் குடுத்தவங்க பேரு, வாங்கினவங்க பேரு ஏறாது, அதனாலதான் இதுல உலகம்மாள்னு ஒரு பேரு மட்டும் இல்லீங்க. அது இல்லாததுதான் அத்தாட்சி. ஜப்தி அன்னிக்கு இந்தம்மா சொன்னத நான் தலைகீழா எழுதிட்டேன். என் அறிக்கை தப்பு. அதை இப்பவே எழுதிக் குடுக்கறேன்."

வக்கீல் குனிந்து, அவர் காதில் படுகிற மாதிரி, "ரெண்டரை மாசம்தான்வே இருக்கு உமக்கு. தப்பு ஜப்தின்னு நீரே எழுதிக் குடுத்தா, பென்ஷன் காகிதம் எங்க போய் நிக்கும் தெரியுமா?" என்றார். அதில் அக்கறையும் இல்லாமல் இல்லை. மாசிலாமணி தலையாட்டிக்கொண்டார். உட்கார்ந்து எழுதினார். இரண்டு வரியில் முடிகிற விஷயம், நிதானமாக, அடித்தல் திருத்தல் இல்லாமல் எழுதினார்.

ஜப்தி விலக்கப்பட்டது என்று மத்தியானத்துக்குள் உத்தரவானது. அண்டாவை மாட்டு வண்டியில் ஏற்றினார்கள். நாற்பத்தேழு பேரும் வெயிலில் மின்னிக்கொண்டு போனார்கள், ரோட்டோரத்தில் நின்றவர்கள் தங்கள் தங்கள் பேர் கடக்கும்போது துண்டைத் தோளிலிருந்து இறக்கினார்கள். உலகம்மாள் வண்டிக்குப் பின்னால் நடந்தாள். அமீனாவைக் கடக்கும்போது நின்று, "மதினி பேரு நெல்லு வேகையில நல்லாத் தெரியும். வந்து பாத்துட்டுப் போங்க அண்ணாச்சி" என்றாள். அந்த ஊரில் அவரை யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. மறுநாளிலிருந்து புதுப் பேர் எதுவும் வரவில்லை, முத்துவீரன் மட்டும் பத்தரை மணிக்குப் பழக்கத்தில் படிக்கு வந்து சும்மா நின்றுவிட்டுப் போனான்.

பென்ஷன் காகிதம் எங்கே போய் நின்றது என்பது வேறு கதை. உத்தரவான அன்று சாயங்காலம், வெயில் இறங்குவதற்குள், மாசிலாமணி வீட்டுக்கு வந்தார். அடுத்த தெருவில் புகை எழும்பிக்கொண்டிருந்தது. கட்டிலுக்கடியிலிருந்து தகரப்பெட்டியை இழுத்துத் திறந்தார். தட்டு, டம்ளர், கூஜா, சொம்பு என்று ஒவ்வொன்றாக எடுத்துத் தரையில் வைத்து, ஒவ்வொன்றிலும் இருந்த பேரைப் படித்தார். பதினோரு வருஷமாக அடுத்தவர் பொருள் என்று ஒழுங்காகக் காவல் காத்தது அத்தனையும் அவர் பொருள்.

சொம்பில் தண்ணீர் மொண்டார். எப்போதும் அண்ணாந்து குடிக்கிறவர், அன்றைக்கு அந்தச் சாய்ந்த எழுத்தின் மேலேயே வாயை வைத்துக் குடித்தார்.